ஹோர்ஹே மிஸ்திரால் படத்தில் சப்டைட்டில் நழுவுகிறது, உதவி தேவை

நண்பர்களே, வரும் சனிக்கிழமை வீட்டில் பத்துப் பேருக்கு ஹோர்ஹே மிஸ்திரால் படங்கள் போடுகிறேன். ஸ்பெயினின் வலென்சியா பக்கத்து நடிகர். 1948-ல் 'லோகுரா தே அமோர்' மூலம் ஸ்பெயினில் கொடிகட்டிப் பறந்தவர், பிறகு மெக்சிகோ போனார், 1957-ல் சோபியா லாரனோடு ஹாலிவுட் படத்திலும் நடித்தார். 1972-ல் மெக்சிகோ நகரத்திலேயே இறந்தார். என்னைப் பொறுத்தவரை அவருடைய உச்சம் புனுவெல் இயக்கிய 'அபிஸ்மோஸ் தே பசியோன்' (1954). அதில்தான் மாட்டிக்கொண்டேன்.

கோப்பு பழைய பால் (PAL, ஐரோப்பிய டிவி முறை) டிவிடியிலிருந்து எடுத்தது, நொடிக்கு 25 ஃபிரேம். ஆங்கில சப்டைட்டில் 23.976-க்குச் செய்தது. பத்தாவது நிமிடத்திலேயே 25 நொடி பிந்தியது. விண்டோஸ் 10-ல் விஎல்சி பிளேயரில் பார்க்கிறேன்.

விஎல்சியில் சப்டைட்டிலை முன்பின் நகர்த்தும் ஜி, ஹெச் விசைகளைத் தட்டிப் பார்த்தேன். ஒரு காட்சிக்குச் சரியானால் அடுத்தது கெடுகிறது. 'சப்டைட்டில் எடிட்' (Subtitle Edit) மென்பொருளில் ஃபிரேம் ரேட்டை 25-க்கு மாற்றியதும் 48-வது நிமிடம் வரை கச்சிதம். அதன்பின் கடைசிவரை ஒரே சீராக 40 நொடி தாமதம். என் பிரதியில் ஒரு துண்டு குறைகிறது போல. வேறு சப்டைட்டில் இரண்டு தேடி எடுத்தேன், அவையும் அதே இடத்தில் நழுவுகின்றன. கல்லறைக்குள் காதலி கத்தலினாவைத் தேடி அலெஹாந்த்ரோ (மிஸ்திரால்) இறங்கும் முடிவுக் காட்சியில், அவர் முகம் அப்படி உடைந்து கிடக்கும்போது, கீழே முந்தைய காட்சியின் சண்டை வசனம் ஓடுகிறது. பார்க்கவே மனசு கேட்கவில்லை.

48-வது நிமிடத்துக்குப் பின்னுள்ள வரிகளை மட்டும் மொத்தமாக 40 நொடி முன்னுக்கு நகர்த்துவது எப்படி?