கிணத்துக் கல்லுக்குள்ள சுறாப் பல்லு, வேர்ப்பக்கத்தை எப்பிடி வெளிய எடுக்கிறது?

வணக்கம், பூநகரிப் பக்கம் எங்கட காணியில மாசி மாசம் கிணறு வெட்டேக்க 14 அடியில வெள்ளைச் சுண்ணாம்புக்கல் வந்தது, உடைச்சு மேல எறிஞ்ச கல்லொண்டுக்குள்ள கறுப்பா மினுங்கிக்கொண்டு ஒரு பல்லு. முக்கோணம், வெளிய தெரியிறது மட்டும் 7 சென்டிமீற்றர், விளிம்பு ரெண்டும் அரம் மாதிரி, பக்கத்தில மட்டி அச்சுகளும் கிடக்கு. மாட்டுப் பல்லாம் எண்டுறார் சித்தப்பா, மாட்டுக்கு ஆர் அரம் வைச்சது.

இந்தக் கல்லு மயோசீன் காலத்துக் கடலடி, அதாவது 2 கோடியே 30 லட்சம் வருசத்துக்கு முந்தித் தொடங்கி 53 லட்சம் வருசத்துக்கு முந்தி முடிஞ்ச காலம், மெகலோடன் எண்ட, இப்ப அழிஞ்சுபோன இராட்சதச் சுறாவும் அப்ப இருந்ததுதான் எண்டபடியா ஆசை விடுதில்லை. ஆனா அதை உறுதியாச் சொல்ல பல்லுக்கும் வேருக்கும் நடுவில வாற கறுத்தப் பட்டியைப் பாக்கவேணும், அந்த இடம்தான் கல்லுக்குள்ள மாட்டிக் கிடக்கு.

டூத் பிரஷ்சும் தண்ணியும் போட்டுத் தேச்சன், ஒண்டும் அசையேல்லை. வினாகிரியில ஒரு இரவு ஊறவைச்சன், கல்லு நுரைச்சுக் கரைஞ்சதுதான் ஆனா பல்லின்ர மினுக்கமும் மங்கினமாதிரி இருக்க பயத்தில எடுத்துட்டன். கொங்கிரீட் ஆணியால தட்டேக்க நுனி கொஞ்சம் தெறிச்சிட்டு, அதோட கை வைக்கேல்லை. ஒரு கம்பசுக்கு (பல்கலைக்கழகத்துக்கு) படம் அனுப்பி 2 மாசம், பதில் இல்லை.

பல்லுக்குச் சேதம் இல்லாம மிச்சக் கல்லை எடுக்க, வீட்டில வைச்சுச் செய்யக்கூடிய வழி என்ன?