1956-இல் நோட்டர் டேம் அணி அப்படிச் சரிந்தது ஏன்?

கேள்வி:
அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்து (பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடும் அமெரிக்க வகை) வரலாற்றில் ஒரு பருவம் எனக்கு விளங்கவேயில்லை. டெரி பிரென்னன் பயிற்றுநராக இருந்த நோட்டர் டேம் பல்கலைக்கழக அணி 1954-இல் ஒன்பது ஆட்டங்களிலும், 1955-இல் எட்டு ஆட்டங்களிலும் வென்றது. அதே பயிற்றுநரின் கீழ் 1956-இல் இரண்டு வெற்றி, எட்டுத் தோல்வி. ஓக்லஹோமாவிடம் சொந்தத் திடலிலேயே 40–0, அயோவாவிடம் 48–8 என்று தோற்றிருக்கிறார்கள். ஆனாலும், அந்த அணியின் குவார்ட்டர்பேக் (தாக்குதலை வழிநடத்திப் பந்தெறிபவர்) பால் ஹார்னங்குக்கே, ஆண்டின் சிறந்த கல்லூரி வீரருக்கு வாக்கெடுப்பில் தரப்படும் ஹைஸ்மன் கோப்பை கிடைத்தது. பழி பயிற்றுநருடையதா? கோப்பை தகுதியானவருக்குத்தான் போனதா?

முதல் பதில்:
பயிற்றுநரை மட்டும் குறை சொல்வது நியாயமாகாது. பிரென்னன் பொறுப்பேற்றபோது அவருக்கு வயது 25. முந்தைய பயிற்றுநர் ஃபிராங்க் லேஹி சேர்த்துவைத்த வீரர்களைக் கொண்டே முதல் இரண்டு பருவங்களை வென்றார். 1956-க்குள் அவர்களில் பெரும்பாலோர் பட்டம் பெற்றுப் போய்விட்டார்கள். முதலாண்டு மாணவர்கள் முதன்மை அணியில் ஆடக் கூடாது என்பது அன்றைய விதி. ஆகவே அந்த இடங்களை நிரப்பிய இரண்டாமாண்டு மாணவர்கள் பலருக்கும் அதுவே முதல் பெரிய பருவம்.

இதோடு 1953-இல் வந்த ஆள்மாற்று விதியையும் சேர்த்துப் பாருங்கள். இன்று தாக்குதலுக்கு ஓர் அணி, தடுப்புக்கு ஓர் அணி என்று பயிற்றுநர்கள் பிரித்து வைத்துக்கொள்கிறார்கள். அன்று வெளியே போனவர் மீண்டும் உள்ளே வருவதற்குக் கடுமையான கட்டுப்பாடு இருந்ததால், பந்தை எறிந்தவரே அடுத்த நிமிடம் எதிரணியைத் தடுத்தும் ஆகவேண்டும். அனுபவமுள்ள இருபது பேர் இருந்த அணிகள் இதைச் சமாளித்தன. இளைஞர்களை நம்பியிருந்த அணி, இரண்டு மூன்று பேர் காயப்பட்டாலே நிலைகுலைந்தது. மிச்சிகன் ஸ்டேட்டிடம் 47–14 என்று தோற்றதையும் நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன்.

இரண்டாம் பதில்:
ஹார்னங்கின் தகுதியும் அந்த விதியோடு பின்னியதே. பந்தெறிதல், பந்துடன் ஓடுதல், உதைத்தல், உதைபந்தைத் திரும்பக் கொண்டுவருதல், புள்ளிகள் சேர்த்தல் என்று எல்லாவற்றிலும் அணியில் முதலிடம் அவருக்குத்தான். தடுப்பிலும் அணியின் முன்னணி வீரர்களில் ஒருவராக இருந்தார். கடைசி ஆட்டத்தில் தெற்கு கலிபோர்னியாவுக்கு எதிராக, கட்டைவிரல் காயத்தோடு, தொடக்க உதையை வாங்கி 95 கஜம் ஓடி டச்டவுன் (பந்தை எதிரணியின் எல்லைக்குள் கொண்டுசேர்த்து ஆறு புள்ளி பெறுவது) போட்டார். அந்த ஆட்டத்திலும் அணி 28–20 என்று தோற்றது. மறைக்கக் கூடாத இன்னொரு பக்கமும் உண்டு: அப்பருவத்தில் அவர் எறிந்தவற்றில் மூன்று டச்டவுனாயின, பதின்மூன்றை எதிரணி பறித்தது.

மூன்றாம் பதில்:
மேலே எழுதிய நண்பரின் மதிப்பீட்டை மதிக்கிறேன். ஆனால் கோப்பை விஷயத்தில் உடன்பட மாட்டேன். வாக்காளர்கள் முதல், இரண்டாம், மூன்றாம் இடங்களுக்கு வீரர்களைக் குறிப்பிட, இடத்துக்கேற்பப் புள்ளிகள் சேரும். அந்த வாக்கெடுப்பில் ஹார்னங் 1,066 புள்ளிகளும், தோல்வியே காணாமல் வழக்கமான பருவத்தை முடித்த டென்னிசியின் ஜானி மேஜர்ஸ் 994 புள்ளிகளும் பெற்றார்கள். முதலிடத்துக்கான வாக்குகளை அதிகம் பெற்றவரோ, மூன்றாவதாக வந்த ஓக்லஹோமாவின் டாமி மெக்டொனால்ட். சிரக்யூஸ் அணியின் ஜிம் பிரவுன் ஐந்தாம் இடத்துக்குத் தள்ளப்பட்டதுதான் எனக்குப் பெரிய அநீதியாகப் படுகிறது. கோல்கேட்டுக்கு எதிரான ஒரே ஆட்டத்தில் ஆறு டச்டவுன், டச்டவுனுக்குப் பிறகு ஒரு புள்ளி தரும் கூடுதல் உதைகள் ஏழு என 43 புள்ளிகளை அவர் ஒருவரே எடுத்தார். அதுவரை கறுப்பின வீரர் எவருக்கும் இக்கோப்பை கிடைத்ததில்லை. 1961-இல்தான், அதே சிரக்யூஸின் எர்னி டேவிஸுக்குக் கிடைத்தது. இதைப் பேசாமல் 1956 வாக்கெடுப்பைப் பேசுவது முழுமையாகாது.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் நன்றி. பிரவுன் பற்றிய செய்தி என்னை உலுக்கிவிட்டது. ஒன்று மட்டும் கேட்கிறேன்: அந்த இரண்டாமாண்டு மாணவர்கள் பின்னர் தேறினார்களா?

முதல் பதிலை எழுதியவர்:
நன்றாகவே தேறினார்கள். 1957-இல் ஏழு வெற்றி, மூன்று தோல்வி. அவ்வாண்டு நவம்பர் 16 அன்று, ஓக்லஹோமாவின் சொந்த ஊரான நார்மன் நகரில், தொடர்ந்து 47 ஆட்டங்களை வென்றிருந்த ஓக்லஹோமாவை, நான்காம் காற்பகுதியில் டிக் லிஞ்ச் போட்ட ஒரே டச்டவுனால் 7–0 என்று வென்றார்கள். 1958-இல் ஆறு வெற்றி, நான்கு தோல்வி என்று முடித்ததும், டிசம்பரில் பிரென்னன் பதவி நீக்கப்பட்டார். ஐந்து பருவங்களில் ஒன்றே ஒன்றுதான் தோல்விப் பருவம் என்பதால், அந்த முடிவு அவசரப்பட்டு எடுத்தது என்றே நான் கருதுகிறேன்.