ஜப்பானிய உச்சரிப்பு பத்து நாளில் திருந்துமா? உதவுங்கள்

தண்டையார்பேட்டைப் பெண்: இங்கே வந்து நான்கு மாதம். முதியோர் இல்லத்தில் வேலை. முந்தாநாள் ஒரு பாட்டியிடம், "நாளை மருத்துவமனைக்குப் போகிறோம்" என்றேன். நேற்றுக் காலை அவர் உதட்டுச் சாயம் பூசி, முத்துத் தோடு போட்டுக் காத்திருந்தார். அவர் காதில் விழுந்தது அழகு நிலையம். வண்டி மருத்துவமனை வாசலில் நின்றதும் அவர் முகம் வாடியதைப் பார்க்க முடியவில்லை. பத்து நாளில் ஷிஃப்ட் மாறும்போது எல்லார் முன்னாலும் நான் அறிக்கை சொல்ல வேண்டும். ஜப்பானியர் பேசுவதைக் கேட்டு அப்படியே சத்தமாகச் சொல்லிப் பழகினால் சரியாகுமா?

பெரம்பூர் அண்ணன்: தங்கச்சி, முதலில் ஜப்பானிய மொழித் தேர்வில் என்3 நிலையை முடி. நான் வந்த முதல் பிப்ரவரியில் ஹீட்டர் இல்லாத அறையில் கம்பளிக்குள் உட்கார்ந்து கான்ஜி சித்திர எழுத்து எழுதினேன்.

ராயபுரம்: அந்தத் தேர்வில் பேச்சுப் பகுதியே கிடையாது, அண்ணா. அனிமே, அதான் ஜப்பானியக் கார்ட்டூன், பார்த்துக் கூடவே பேசட்டும்.

எண்ணூர்: வேண்டவே வேண்டாம். அந்தப் பேச்சு முதியவர்களிடம் மரியாதைக் குறைவாகப் போய்விடும்.

பெரம்பூர் அண்ணன்: மரியாதையா? வீட்டுக்காரருக்கு ரெய்கின் என்று திரும்பி வராத பணம் கொடுத்தேனே! குப்பையைத் தவறாகப் பிரித்தால் பையை அங்கேயே விட்டுப் போகிறார்கள்.

திருவொற்றியூர்: அந்தப் பெண் கேட்டதற்கு வருவோம். ஜப்பானிய மொழியில் மருத்துவமனை "ப்யோ-ஒ-இ-ன்", தாளம்போல் சம அளவில் நான்கு தட்டு. அழகு நிலையம் "பி-யோ-ஒ-இ-ன்", ஐந்து. தமிழில் எழுதி வைத்துப் படித்தீர்களா? அங்கேதான் "ப்யோ" இரண்டாக உடைகிறது. குறில், நெடில் நமக்குப் பழக்கம்; ஆனால் கடைசி "ன்" போல நாம் அரை மாத்திரையில் விடும் ஒற்றுக்கு அங்கே முழுத் தட்டு. விரலால் மேசையில் தட்டிச் சொல்லுங்கள். உடன் வேலை செய்யும் பெண் ஒருவரிடம், முதியவர்களின் பெயர் இல்லாமல், இருபது விநாடி அறிக்கை பேசித் தரச் சொல்லுங்கள். சில முறை வாய் திறக்காமல் கேளுங்கள். பிறகு அவர் முடிக்கும்வரை காத்திராமல், அரை விநாடி பின்னால் நிழல்போல ஒட்டிப் பேசுங்கள். போனில் பதிந்து இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். எந்த ஊர் என்று சொல்லவில்லையே?

தண்டையார்பேட்டைப் பெண்: ஒசாகா. ஆமாம், நோட்டு முழுவதும் தமிழில்தான் எழுதியிருக்கிறேன்.

திருவொற்றியூர்: ஒசாகாவா? "ஹஷி" என்ற சொல்லில் முதல் அசையைக் குரலில் ஏற்றினால் டோக்கியோவில் சாப்பிடும் குச்சி. உங்கள் ஊரில் பாலம். டோக்கியோ ஏற்ற இறக்கமும் அங்கே புரியும். இரண்டையும் கலக்காமல் ஒரே குரலைப் பிடித்துக்கொள்ளுங்கள். நோட்டில் இன்றே ஜப்பானிய ஒலியெழுத்தான ஹிரகானாவுக்கு மாறுங்கள்.

எண்ணூர்: பல இல்லங்களுக்கு முடி திருத்துபவர் நேரில் வருவார். விசாரித்துப் பாரம்மா.

தண்டையார்பேட்டைப் பெண்: மாதம் ஒருமுறை வருகிறாராம். பாட்டி பெயரை எழுதிக் கொடுத்துவிட்டேன், ஹிரகானாவில்.