மூன்றில் ஒன்றும் நாலில் ஒன்றும்: பின்னக் கணக்கில் உங்களுக்கு நடந்ததை ஊர்ப் பெயரோடு சொல்லுங்கள்

கோண்டாவில்:
அம்மம்மாவின் தோட்டக் காணி, யாழ்ப்பாணத்து நில அளவில் 12 பரப்பு. அம்மாவுக்குச் சீதனமாக வந்தது 1/3 பங்கு. பிள்ளை இல்லாத பெரியம்மா பிறகு அம்மாவுக்கு எழுதிக் கொடுத்தது 1/4. இரண்டையும் என் பெயருக்கு மாற்றப் போன இடத்தில், உறுதியின் வரைவில் 'பிரிபடாத 2/7 பங்கு' என்று இருந்தது. மேலே உள்ள இரண்டு ஒன்றுகளையும் கூட்டி, கீழே மூன்றையும் நாலையும் கூட்டியிருக்கிறார்கள். நான் பேனாவைத் திறந்துவிட்டேன். எட்டாம் வகுப்போடு நின்ற அம்மா என் கையைப் பிடித்தார். "தம்பி, என்ரை நாலு பரப்பு, அக்கா தந்தது மூண்டு. ஏழு வரவேணும். இதிலை எவ்வளவு வருது எண்டு பார்." பார்த்தால் மூன்றரைப் பரப்புக்கும் குறைவு. 7/12 என்று திருத்தி வாங்கினோம். 2/7 என்பது 1/3 ஐ விடவே சிறியது. கூட்டினால் எப்படிக் குறையும்? அது என் கண்ணில் படாதது இன்னும் உறுத்துகிறது.

சுன்னாகம், ஆசிரியை:
தரம் 6 பிள்ளை ஒருத்தி கொப்பியோடு வந்தாள். 3/4 − 2/3 = 1/1. நான் பிழை போட முன்னமே, "டீச்சர், முக்காலுக்குள்ளை இருந்துதான் எடுத்தனான், முழுசா ஒண்டு மிஞ்சுது" என்றாள். முகம் வெளிறிப் போயிருந்தது. அன்றைக்குப் பொ.ம.சி. (பொது மடங்குகளுள் சிறியது) பற்றிப் பேசவில்லை. 12 கட்டம் கீறச் சொன்னேன். முக்கால் 9 கட்டம், மூன்றில் இரண்டு 8 கட்டம். மிஞ்சிய ஒற்றைக் கட்டத்துக்கு அவள் தாள் கிழியுமட்டும் அழுத்தி நிறம் தீட்டினாள்.

உரும்பிராய்:
டீச்சர், ஒவ்வொரு கணக்குக்கும் கட்டம் கீற நேரம் இருக்குமா? என் கதை சின்னது. தவணைச் சோதனையில் 5/12 + 7/18. பகுதியெண் இரண்டையும் பெருக்கி 174/216 என்று சுருக்காமல் விட்டேன், புள்ளி போனது. படிப்பிக்கிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன், குறுக்கே பெருக்குவதைப் பழக்காதீர்கள். 12, 24, 36. மற்றப் பக்கம் 18, 36. இரண்டும் 36 இல் சந்திக்கின்றன. 15/36 உம் 14/36 உம் சேர்ந்து 29/36, முடிந்தது. அதற்காகப் பொ.ம.சி. எடுத்தால் சுருக்கவே தேவையில்லை என்றும் சொல்லிவிடாதீர்கள். 1/6 + 1/10 இல் 8/30 வரும், அதைப் பிறகு 4/15 ஆக்க வேண்டும். அப்புறம், கோண்டாவில் அண்ணை, காணி 12 பரப்பாக இருந்தபடியால் அம்மாவுக்கு வாயாலே வந்தது. 10 பரப்பு என்றால்?

இணுவில்:
10 பரப்பு என்றாலும் வரும், தம்பி. பரப்புக்கு 18 குழி, மொத்தம் 180. அதில் 60 உம் 45 உம் சேர்ந்து 105 குழி. தோட்டக்காரருக்கு இது பழக்கம். எங்கள் அப்பு பள்ளிக்கூடம் போனதில்லை. ஆனால் பழைய தமிழ்ப் பின்னப் பெயர்கள் தெரியும்: மா என்றால் 1/20, காணி என்றால் 1/80, நாலு காணி ஒரு மா. ஒருநாள் முற்றத்து மணலில் நாலு கோடு கீறி "இது மா" என்றார். தள்ளி ஒரு கோடு கீறி "இது காணி" என்றார். பிறகு இடைவெளியைக் கையால் அழித்துவிட்டு, "அஞ்சும் சேர்ந்தா மாகாணி" என்றார். எண்பதில் ஐந்து, அதாவது 1/16. சின்ன வயதிலிருந்து நான் சொல்லி வந்த சொல்லுக்குள்ளேயே ஒரு கூட்டல் கணக்கு இருந்திருக்கிறது.

கோண்டாவில்:
ஐயா, அம்மாவுக்கு இதை வாசித்துக் காட்டினேன். திங்கட்கிழமை நில அளவையாளர் வருகிறார். 126 குழி வரவேண்டும் என்று அம்மா இப்போதே சொல்லிவிட்டார்.