டிரைவிங் சர்வைவல்: தமிழில் என்ன? (சனிக்கிழமைக்குள் வேண்டும்)

அல்சூர் ஆசிரியை:
பெங்களூர்த் தமிழ் நண்பர்கள் அனைவருக்கும் வணக்கம். எங்கள் ஞாயிறு தமிழ் வகுப்பில் ஒரு பையன் ஏதோ தளத்திலிருந்து கிராக் செய்த (பூட்டை உடைத்த திருட்டு) கேமை இறக்கி, அப்பாவின் ஆபீஸ் லேப்டாப்பை முடக்கிவிட்டான். அதனால் இந்த வாரம் ‘விளையாட்டை முறையாக வாங்குவது எப்படி’ என்று இரண்டு பக்கம் எழுதித் தருகிறேன். அவன் ஆசைப்பட்டது பசிபிக் டிரைவ். சியாட்டிலில் உள்ள அயர்ன்வுட் ஸ்டுடியோஸ் செய்தது, 2024 பிப்ரவரியில் வந்தது. யாரும் நுழையக்கூடாத காட்டுப் பகுதிக்குள் பழைய ஸ்டேஷன் வேகனை ஓட்டிப்போய், சாமான் பொறுக்கிக்கொண்டு, புயல் சூழ்வதற்குள் தப்பி வர வேண்டும். டிரைவிங் சர்வைவல் என்கிற இந்த வகைக்குத் தமிழில் என்ன எழுதுவது? சனிக்கிழமை இரவு ஜெராக்ஸ் கடை மூடுவதற்குள் சொல்லுங்கள்.

ஒயிட்பீல்டு:
சர்வைவல் என்றே போடுங்கள் டீச்சர், பசங்களுக்குத் தெரியும். ‘பிழைப்பு’ மட்டும் வேண்டாம். ‘வண்டி ஓட்டிப் பிழைப்பது’ என்றால் எங்கள் தெரு ஆட்டோக்காரர் அது எப்போதிருந்து விளையாட்டு ஆனது என்று கேட்பார்.

ஜெயநகர்:
பிழைப்பு கூடாது என்பதற்கு ஆட்டோக்காரரைவிடப் பழைய சாட்சி உண்டு. ‘அரைசியல் பிழைத்தோர்க்கு அறங்கூற்று ஆவதூஉம்’ என்கிறது சிலப்பதிகாரம். அங்கே பிழைத்தவர் தப்பியவர் அல்லர், தவறியவர். குறள் 896 இன்னும் தெளிவு: ‘எரியால் சுடப்படினும் உய்வுண்டாம் உய்யார் பெரியார்ப் பிழைத்தொழுகு வார்.’ தப்புவதற்கு உய்வு, தவறுவதற்குப் பிழைப்பு, இரண்டும் ஒரே குறளில்! இனிமேல்தான் விசேஷம். உய்தல் தன்வினை. உய்த்தல் பிறவினை, அதாவது செலுத்துதல். குறள் 422இல் ‘நன்றின்பால் உய்ப்பது அறிவு’ என்ற இடத்துக்கு உரையாசிரியர் பரிமேலழகர், குதிரையை நிலமறிந்து செலுத்தும் வாதுவனை உவமை சொல்கிறார். ஆக, ஓட்டுவதும் உய், தப்புவதும் உய். என் பரிந்துரை: ‘உய்த்துய்தல்’.

ஒயிட்பீல்டு:
ஐயா, வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். விசில் என்று நினைத்துப் பக்கத்து சீட் நண்பர் திரும்பிப் பார்த்தார். கன்னடத்தில் ‘உளிவு’ என்று சொல்லலாமே என்கிறார். ‘அளிவு உளிவு’ (அழிவதா தப்புவதா) என்று அவர்கள் செய்தித்தாளிலேயே வருமாம்.

ஜெயநகர்:
நமக்கு உளி என்றால் தச்சர் வீட்டுச் சாமான். வேண்டாம்.

மல்லேஸ்வரம்:
இதை ஆடியவர் இங்கே நான் ஒருத்திதான் போலிருக்கிறது. அதில் ஆள் செத்தால் ஆட்டம் முடியாது. அந்தப் பயணத்தில் சேர்த்த சாமானை இழந்து கராஜில் வந்து விழுவோம், அவ்வளவுதான். உண்மையில் நாம் காப்பாற்றுவது வண்டியை. டயர், பேட்டரி, பெட்ரோல், கதவு, எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். இதற்கு நடுவே வண்டிக்கு வினோதப் பழக்கங்கள் வேறு வரும். ஸ்டியரிங்கைத் திருப்பினால் ஹாரன் அடிக்கிற மாதிரி. எதனால் எது நடக்கிறது என்று நாமே கண்டுபிடித்துச் சரிசெய்ய வேண்டும். வண்டி உய்யும் என்று எந்த மெக்கானிக்கும் சொல்லமாட்டார் ஐயா. ‘இந்த டயர் ஓசூர் வரைக்கும் தாக்குப்பிடிக்கும்’ என்பார். அந்தச் சொல்லை எடுத்துக்கொள்வோம்: தாக்குப்பிடிப்பு.

ஜெயநகர்:
‘தாக்கு’ என்று பார்த்ததும் பிள்ளைகள் சண்டை விளையாட்டு என்றல்லவா நினைப்பார்கள்?

அல்சூர் ஆசிரியை:
நினைக்கட்டும், ஆர்வமாகப் படிப்பார்கள். இன்னொரு சிக்கல். கேம் விற்கும் ஸ்டீம் தளத்தில் ‘வாங்கு’ என்று எழுதலாமா? 2024 அக்டோபரிலிருந்து பணம் கட்டும் இடத்தில், நமக்குக் கிடைப்பது உரிமம்தான் என்று அவர்களே போடுகிறார்கள். கலிபோர்னியாவில் அதற்குச் சட்டமே வந்துவிட்டது.

மல்லேஸ்வரம்:
தாராளமாக எழுதலாம். குடை இரவல் வாங்குகிறோம், கடன் வாங்குகிறோம், அனுமதி வாங்குகிறோம். எதுவும் நமக்குச் சொந்தமாகிவிடுவதில்லை. ‘விலைக்கு வாங்கு’ என்றால்தான் வம்பு. ‘உரிமம் வாங்கு’ என்று போட்டுவிடுங்கள். பணம் திரும்பக் கேட்கும் வழியையும் எழுதுங்கள்: வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருக்க வேண்டும். இது தெரிந்தால் பாதிப் பேர் கிராக் பக்கம் போகமாட்டார்கள்.

ஜெயநகர்:
வில்லை வளைப்பதையும் வாங்குதல் என்பார்கள். அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன்.

அல்சூர் ஆசிரியை:
ஐயா, கடை ஒன்பதரைக்கு மூடிவிடும். ‘தாக்குப்பிடிப்பு வண்டியாட்டம்’ என்று போட்டுவிட்டேன். அடைப்புக்குறிக்குள் டிரைவிங் சர்வைவல். திருட்டுப் பிரதியைத் திருட்டுப் பிரதி என்றே எழுதியிருக்கிறேன், அதற்கு யாரும் சொல் தேட வேண்டாம்.

ஒயிட்பீல்டு:
சரி. வண்டியாட்டம் என்றால் வண்டி ஆடுகிறது என்றும் படிக்கலாம். எங்கள் ரோட்டுக்குப் பொருத்தம்தான்.

ஜெயநகர்:
பெரும்பான்மைக்குக் கட்டுப்படுகிறேன். எனக்கு ஒரு பிரதி எடுத்து வையுங்கள் அம்மா. அதில் மட்டும் தலைப்பைப் பேனாவால் திருத்திக்கொள்வேன்.