வாளி நீரில் விழுதல்: புறக்காரணக் குறியீடுகளுக்குத் தமிழ்ப் பெயர்கள்

அன்புடையீர்,

வீட்டில் நீரால் நேரும் விழுதல்களைக் குறிக்கும் புறக்காரணக் குறியீடுகளுக்கு, அதாவது காயம் எப்படி நேர்ந்தது என்று பதியும் மருத்துவக் குறியீடுகளுக்கு, இதுவரை வந்த தமிழ்ப் பெயர்ப் பரிந்துரைகளைப் படித்தேன். ‘நீர்வீழ்ச்சிக் காயம்’ என்பதை முதலில் கைவிட வேண்டுகிறேன். அதைப் படிப்பவர் மனத்தில் அருவிதான் வந்து நிற்கும். ‘வீழ்ச்சி’ தனியாக நின்றாலும் விலைக்கும் ஆட்சிக்கும் பழகிய சொல். மனிதர் விழுவதற்கு ‘விழுதல்’ போதும்.

‘நீர்சார் விழுதல்’ நல்ல சொல்தான். ஆனால் அதை ஒரு குறியீட்டு வகையின் பெயராக வைக்க முடியாது, ஏனெனில் அப்படியொரு வகையே இல்லை. அமெரிக்க மருத்துவமனைகளில் 2015 அக்டோபர் முதல் நடைமுறையிலுள்ள ஐசிடி-10-சிஎம் என்னும் நோய், காயக் குறியீட்டுப் பட்டியலில், ஈரத்தரையில் வழுக்கி விழுந்தவர் டபிள்யூ01-இல் சேர்வார். வழுக்குதல், இடறுதல், தடுமாறுதல் மூன்றும் அங்கேதான் வருகின்றன. தரையில் நீர் இருந்ததா, எண்ணெய் இருந்ததா என்பது அந்தக் குறியீட்டுக்குப் பொருட்டில்லை. நீருக்குள்ளேயே விழுந்தவர் டபிள்யூ16-க்குப் போகிறார். அதில் நீர் நிறைந்த குளியல்தொட்டிக்கு 16.21, வாளி நீருக்கு 16.22. தொட்டி வெறுமையாக இருந்தால் டபிள்யூ18.2. ஆகவே ‘நீர்சார் விழுதல்’ விளக்கக் கட்டுரைகளின் தலைப்பாக இருக்கட்டும், குறியீட்டின் பெயராக வேண்டாம்.

‘வாளிக்குள் விழுதல்’ என்று எழுதியவருக்கு ஒரு மாற்று: ‘வாளி நீரில் விழுதல்’. வெளியே நின்றவர் உள்ளே விழுவதும், உள்ளே நின்றவர் அங்கேயே விழுவதும் இந்த வகைக் குறியீடுகளில் ஒன்றாகவே எண்ணப்படுகின்றன. ‘உள்’ என்று சேர்த்தால் முதலாவது மட்டுமே நிற்கும். ஏழாம் வேற்றுமையின் ‘இல்’ இரண்டையும் இயல்பாகவே தாங்குகிறது. குளியல்தொட்டிக்கு இது மிகவும் தேவை. அதில் நின்று குளிக்கும்போது கால் வழுக்குவது எவ்வளவு பொதுவான விபத்து!

என்னை மிகவும் உறுத்துவது 16.22-ஐ அடுத்து வரும் இலக்கம். 16.221 என்பது ‘ட்ரௌனிங்’ நேர்ந்த நிலை, 16.222 என்பது பிற காயம் நேர்ந்த நிலை. முதலாவதற்கு ‘நீரில் மூழ்கி இறத்தல்’ என்ற பரிந்துரையை ஏற்கவே கூடாது. 2002-இல் ஆம்ஸ்டர்டாமில் நடந்த உலக மாநாட்டில் வகுத்த வரையறைப்படி, நீர்மத்தில் மூழ்கியோ அமிழ்ந்தோ மூச்சு தடைபடும் நிகழ்வே ட்ரௌனிங். அதன் முடிவு மரணமாகவும் இருக்கலாம், பாதிப்போடு பிழைப்பதாகவும் இருக்கலாம், ஒரு பாதிப்பும் இல்லாமல் தேறுவதாகவும் இருக்கலாம். வாளியில் தலைகுப்புற விழும் தவழும் குழந்தையை எண்ணிப் பாருங்கள். அந்த வயதில் தலையின் எடை அதிகம். கைகளை ஊன்றித் தன்னைத் தூக்கிக்கொள்ளும் வலு இல்லை. சிறிதளவு நீரே போதும். உடனே தூக்கப்பட்டு மூச்சு மீண்ட அந்தக் குழந்தையின் மருத்துவப் பதிவில் ‘இறத்தல்’ என்ற சொல் ஏறலாமா? செய்திகளில் ‘மூழ்கி’ என்றதும் ‘பலி’ என்று தொடர்வது நமக்குப் பழகிவிட்டதால் ‘மூழ்கல்’ மட்டும் எழுதினாலும் அந்த நிழல் விழுகிறது. எனவே ‘நீர்த்திணறல்’ என்று முன்மொழிகிறேன். மூச்சுத்திணறல் எல்லோருக்கும் தெரிந்த சொல். மூச்சுத் தடையைத்தான் வரையறையும் பேசுகிறது. ஆங்கில மூலத்தில் ட்ரௌனிங்குடன் வரும் ‘சப்மெர்ஷன்’ என்பதற்கு ‘மூழ்கல்’ இருக்கட்டும்: ‘வாளி நீரில் விழுந்து நீர்த்திணறலும் மூழ்கலும்’.

‘காயம்’ என்றால் இரத்தம் வரும் புண் மட்டுமே என்று சிலர் தயங்குகிறார்கள். எலும்பு முறிந்தவரையும் காயமடைந்தவர் என்றுதான் எழுதுகிறோம். ‘ஊறு’ வரைக்கும் போகத் தேவையில்லை.

குறியீட்டின் முடிவில் ஏழாவதாக வரும் எழுத்து, சிகிச்சை எந்தக் கட்டத்தில் உள்ளது என்று காட்டும். அதில் ‘ஏ’-க்கு ‘முதல் வருகை’ என்று பரிந்துரைப் பட்டியலில் இருப்பது பிழையான குறியிடலுக்கே வழிவிடும். காயத்துக்கு நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை, நோயாளி வேறொரு மருத்துவரிடம் போனாலும், ‘ஏ’தான். குணமாகும் காலத்து வழக்கமான கவனிப்புக்கு ‘டி’, பிறகு எஞ்சும் விளைவுக்கு ‘எஸ்’. ‘சிகிச்சைக் கட்டம்’, ‘தேறல் கட்டம்’, ‘பின்விளைவு’ என்று வைத்தால், மூலத்தை அறியாத குறியீட்டாளரும் சரியாக இடுவார்.

‘எக்ஸ்டர்னல் காஸ்’ என்பதற்குப் ‘புறக்காரணம்’ என்பதில் எனக்கு முழு உடன்பாடு. அதன் விளக்கத்தில் ஒரு வரி சேருங்கள்: இது ஒருபோதும் முதன்மை நோயறிதலாக நிற்காது. வாளியில் விழுந்து மண்டையில் அடிபட்டால் தலைக்காயத்தின் குறியீடு முன்னே, 16.222 பின்னே.

வெற்றுத் தொட்டிக்கும் தூவற்குளியலுக்கும் (ஷவர்) பொதுவான டபிள்யூ18.2-க்கு எனக்கு இன்னும் நல்ல பெயர் அமையவில்லை. ‘குளியலிடத்தில் விழுதல்’ என்றால் குளியலறை முழுவதும் அடங்கிவிடுகிறது. அறையைக் குறிக்க ஒய்92-இல் தனி இடக்குறியீடு உண்டு. டபிள்யூ18.2-க்கு உங்கள் சொற்களை எதிர்பார்க்கிறேன்.