பழைய வன்தட்டில் சிதறிக் கிடக்கும் விளையாட்டுத் திரைப்பிடிப்புகளைத் திரட்டுவது எப்படி?

நெல்வயல் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நானும் என் தங்கையும் ஸ்டார்டியூ வேலி என்ற பண்ணை விளையாட்டைப் பல ஆண்டுகளாக ஆடி வருகிறோம். முதலில் ஒரே கணினியில், விளையாட்டுகளை வாங்கி ஆட உதவும் ஸ்டீம் என்ற மென்பொருளில் ஆளுக்கொரு கணக்கு வைத்துக்கொண்டு மாறி மாறி ஆடினோம். திரையை இரண்டாகப் பிரித்து ஒரே கணினியில் இருவர் ஆடும் வசதி 1.5 பதிப்பில், 2020 டிசம்பரில் வந்தது. அதன் பிறகு இருவரும் சேர்ந்து ஒரே பண்ணையை நடத்தினோம். அவள் இப்போது மேற்படிப்புக்காக வெளியூர் செல்கிறாள். அந்தப் பண்ணையின் படங்களை ஒரு சிறிய ஆல்பமாக அச்சிட்டு, அவள் புறப்படும் முன் கையில் கொடுக்க விரும்புகிறேன்.

பழைய கணினி பழுதாகிவிட்டது. அதன் வன்தட்டை மட்டும் கழற்றி, யூஎஸ்பி உறையில் பொருத்தி, புதிய கணினியில் இணைத்திருக்கிறேன். புதிய கணினியில் ஸ்டீம் நிறுவி உள்நுழைந்தால், திரைப்பிடிப்புப் (ஸ்கிரீன்ஷாட்) பகுதியில் பழைய படம் ஒன்றுகூட இல்லை. பழைய வன்தட்டில் ஸ்டீம் கோப்புறையைத் திறந்து பார்த்தேன். யூசர்டேட்டா என்ற இடத்தில் வெறும் எண்களைப் பெயராகக் கொண்ட இரண்டு கோப்புறைகள் இருக்கின்றன. எது என்னுடையது, எது தங்கையுடையது என்று தெரியவில்லை. விளையாட்டின் நாட்காட்டியில் கோடை 28ஆம் நாள் இரவில் கடற்கரைக்கு ஜெல்லிமீன்கள் வரும் விழாவில், எங்கள் இருவரின் பாத்திரங்களும் பாலத்தின் முனையில் அருகருகே நிற்கும் படம் ஒன்று உண்டு. மற்றவை கிடைக்காவிட்டாலும் அது கிடைத்தால் போதும். எங்கே தேடலாம் என்று சொல்லுங்கள்.

நிழற்பெட்டி எழுதியது:

வணக்கம் நண்பரே. எந்தக் கோப்புறையில் தேடுவது என்று யோசிக்கும் முன், படம் பிடிக்க நீங்களும் தங்கையும் எந்த விசையை அழுத்தினீர்கள் என்று நினைவுபடுத்திப் பாருங்கள். கணினியில் திரைப்பிடிப்பு போய்ச் சேரும் இடத்தைப் பெரும்பாலும் விளையாட்டு முடிவு செய்வதில்லை. அழுத்திய விசைக்குரிய மென்பொருள்தான் முடிவு செய்கிறது. ஒரே மாலையில் ஒரே காட்சியை இருவர் இரண்டு விதமாகப் பிடித்திருந்தால், அந்தப் படங்கள் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத இடங்களில் கிடக்கும்.

எஃப்12 அழுத்தியிருந்தால் அது ஸ்டீமின் வேலை. நீங்கள் பார்த்த எண் கோப்புறைக்குள் 760 என்ற கோப்புறை இருக்கும். அதற்குள் ரிமோட், அதற்குள் ஒவ்வொரு விளையாட்டுக்கும் அதற்குரிய எண், அதற்குள் ஸ்கிரீன்ஷாட்ஸ். ஸ்டார்டியூ வேலியின் எண் 413150. வேறு விளையாட்டின் எண் வேண்டுமானால், ஸ்டீம் கடையில் அந்த விளையாட்டின் பக்கத்தைத் திறந்து முகவரிப் பட்டையைப் பாருங்கள். விளையாட்டை வேறொரு வட்டில் நிறுவியிருந்தாலும், ஸ்டீம் மென்பொருள் எங்கே நிறுவப்பட்டதோ அங்கேதான் படங்கள் சேரும். இது தெரியாமல் விளையாட்டின் கோப்புறைக்குள் மணிக்கணக்காகத் தேடியவர்களை நான் அறிவேன்.

யூசர்டேட்டாவில் உள்ள எண்கள் கணக்கு எண்கள். ஸ்டீமில் நண்பரைச் சேர்க்கும் பக்கத்துக்குச் சென்றால் உங்கள் நண்பர் குறியீடு என்று ஓர் எண் காட்டும். அதுவும் கோப்புறையின் பெயரும் ஒன்றாக இருந்தால் அது உங்களுடையது, மற்றது தங்கையுடையது.

புதிய கணினியில் ஸ்டீம் எதையும் காட்டாததற்குக் காரணம் இருக்கிறது. அந்த 760 கோப்புறையில் படங்களின் பட்டியலை வைத்திருக்கும் கோப்பு ஒன்று உண்டு. ஸ்டீம் அதைப் படித்துத்தான் காட்டுகிறது. பட்டியலும் படங்களும் பழைய வன்தட்டிலேயே தங்கிவிட்டதால், மேகச் சேமிப்பில் ஏற்றியவை தவிர வேறு எதுவும் புதிய கணினிக்குத் தெரியாது. ஆல்பத்துக்குக் கோப்புகள் இருந்தாலே போதும் என்பதால், அவற்றை மறுபடி ஸ்டீமுக்குள் நுழைக்க முயல வேண்டாம். பழைய வன்தட்டில் எதையும் அழிக்கவோ நகர்த்தவோ வேண்டாம். எல்லாவற்றையும் முதலில் புதிய கணினிக்குப் படியெடுங்கள். கழற்றி எடுத்த பழைய வன்தட்டு எப்போது நின்றுபோகும் என்று யாராலும் சொல்ல முடியாது.

விண்டோஸ் விசை, ஆல்ட், பிரிண்ட் ஸ்கிரீன் மூன்றையும் சேர்த்து அழுத்தியிருந்தால் அது விண்டோஸோடு வரும் கேம் பார் என்ற கருவியின் வேலை. பெயருக்குப் படம் என்றாலும், அது போய்ச் சேருவது வீடியோஸ் கோப்புறைக்குள் இருக்கும் கேப்சர்ஸ் என்ற இடத்தில். விண்டோஸ் விசையையும் பிரிண்ட் ஸ்கிரீனையும் மட்டும் அழுத்தியிருந்தால் பிக்சர்ஸ் கோப்புறையில் உள்ள ஸ்கிரீன்ஷாட்ஸில் பாருங்கள். மைக்ரோசாஃப்டின் மேகச் சேமிப்பான ஒன்டிரைவ் இயங்கிய கணினியாக இருந்தால் அந்த பிக்சர்ஸ் கோப்புறையே ஒன்டிரைவுக்குள் மாறியிருக்கலாம். வெறும் பிரிண்ட் ஸ்கிரீனை மட்டும் அழுத்தி, பெயின்ட் போன்ற ஒன்றில் ஒட்டிச் சேமிக்காமல் விட்டிருந்தால், வருத்தத்துடன் சொல்கிறேன், அந்தப் படம் நினைவகத்தோடு போயிருக்கும்.

பழைய வன்தட்டில் பயனர் கோப்புறையைத் திறக்கும்போது அனுமதி இல்லை என்று விண்டோஸ் தடுக்கும். தொடர்க என்பதை அழுத்திப் பொறுமையாகக் காத்திருங்கள். சில நிமிடங்கள் ஆகலாம்.

வரப்பு எழுதியது:

மேலே சொன்னவற்றோடு ஒன்றைச் சேர்க்கிறேன். ஸ்டார்டியூ வேலியிலேயே ஒரு கேமரா உண்டு. 2019 நவம்பரில் வந்த 1.4 பதிப்பிலிருந்து, விருப்பங்கள் பக்கத்தில் உள்ள கேமரா படத்தை அழுத்தினால், திரையில் தெரியும் பகுதியை மட்டுமல்லாமல், நிற்கும் இடத்தின் முழு வரைபடத்தையும் ஒரே படமாகச் சேமிக்கும். பண்ணை முழுவதும் ஒரே சட்டத்தில் வருவதால் ஆல்பத்தின் முதல் பக்கத்துக்கு அதைவிடப் பொருத்தமான படம் வேறில்லை. அவை ஆப்டேட்டா, ரோமிங், ஸ்டார்டியூ வேலி, ஸ்கிரீன்ஷாட்ஸ் என்ற வரிசையில் பயனர் கோப்புறைக்குள் இருக்கும். ஆப்டேட்டா மறைக்கப்பட்ட கோப்புறை என்பதால், மறைந்தவற்றைக் காட்டும் அமைப்பை இயக்கினால்தான் கண்ணுக்குத் தெரியும். சேமித்த ஆட்டங்களும் அதே ஸ்டார்டியூ வேலி கோப்புறைக்குள் சேவ்ஸ் என்ற பெயரில் இருக்கின்றன. அவற்றையும் படியெடுத்துக்கொண்டால் பண்ணையைப் புதிய கணினியில் திறந்து, முன்பு எடுக்காமல் விட்ட படங்களையும் இப்போது எடுக்கலாம்.

நெல்வயல் எழுதியது:

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. நண்பர் குறியீட்டை வைத்து என் கோப்புறையை அடையாளம் கண்டுகொண்டேன். என் கணக்கில் 412 படங்களும் தங்கையின் கணக்கில் 97 படங்களும் இருந்தன. பண்ணையும் பத்திரமாகத் திறந்துகொண்டது. ஆனால் இரண்டு சிக்கல்கள். படியெடுத்த பிறகு எல்லாப் படங்களும் இன்றைய நாளில் உருவாக்கப்பட்டவையாகத் தெரிகின்றன. வன்தட்டு முழுவதும் ஜேபெக் (JPEG) படக் கோப்புகளைத் தேடினால் ஒவ்வொரு படமும் இரண்டு முறை வருகிறது, ஒன்றை அழித்துவிடலாமா? ஜெல்லிமீன் படம் இன்னும் கிடைக்கவில்லை.

நிழற்பெட்டி எழுதியது:

உடனே அழித்துவிட வேண்டாம். ஸ்டீம் ஒவ்வொரு ஸ்கிரீன்ஷாட்ஸ் கோப்புறைக்குள்ளும் தம்நெயில்ஸ் என்ற உட்கோப்புறையில் அதே பெயரில் சிறு படம் ஒன்றையும் வைக்கிறது. பெயர் ஒன்றாக இருப்பதால் அவசரத்தில் பெரிய படத்தை அழித்துச் சிறியதை வைத்துக்கொள்ளும் ஆபத்து உண்டு. கோப்பின் அளவுப்படி வரிசைப்படுத்துங்கள். சிறியவை எல்லாம் ஒரு பக்கம் ஒதுங்கிவிடும்.

நாளைப் பற்றிக் கவலை வேண்டாம். விண்டோஸில் படியெடுக்கும்போது உருவாக்கப்பட்ட நாள்தான் மாறும். மாற்றப்பட்ட நாள் பழையபடியே இருக்கும். அதைவிட உறுதியானது கோப்பின் பெயர். 20210514213207_1 என்று இருந்தால், அது 2021 மே 14 அன்று இரவு 9 மணி 32 நிமிடம் 7 நொடிக்கு எடுத்தது. ஆகவே பெயர்ப்படி அடுக்கினாலே காலவரிசை கிடைத்துவிடும். அதனால்தான் அந்த எண்களை நீக்கிவிட்டுப் புதுப் பெயர் வைக்க வேண்டாம் என்று எல்லோரிடமும் சொல்கிறேன். விளக்கம் எழுத விரும்பினால் எண்களுக்குப் பின்னால் சேருங்கள்.

இனி எடுக்கும் படங்களுக்கு, ஸ்டீம் அமைப்புகளில் விளையாட்டின்போது என்ற பகுதியில், திரைப்பிடிப்பின் கூடுதல் படி ஒன்றை நாம் காட்டும் கோப்புறையில் சேமிக்கும் வசதி உண்டு. அதை இயக்கி வைத்தால் எண் கோப்புறைகளுக்குள் நுழைந்து தேட வேண்டிய தேவையே இருக்காது.

வரப்பு எழுதியது:

அச்சிடுவது பற்றி ஒரு செய்தி. 1920க்கு 1080 புள்ளிகள் கொண்ட படம் 6க்கு 4 அங்குல அச்சுக்குத் தெளிவில் தாராளமாகப் போதும். ஆனால் வடிவம் பொருந்தாது. தாளை முழுவதும் நிரப்ப வேண்டுமானால் அகலத்தில் 300 புள்ளிகளை, பக்கத்துக்கு 150 வீதம், கடையில் வெட்டிவிடுவார்கள். இந்த விளையாட்டில் பருவமும் நாளும் நேரமும் காட்டும் பெட்டி வலது மேல் மூலையில் இருக்கிறது. ஆற்றல் பட்டை வலது கீழ் மூலையில். வெட்டினால் முதலில் போவது அவைதான். எந்தப் பருவத்தில் எந்த நாளில் எடுத்த படம் என்பது உங்கள் இருவருக்கும் முக்கியம் என்பதால், மேலும் கீழும் வெள்ளை ஓரம் விட்டு, வெட்டாமல் அச்சிடுங்கள் என்று கடையில் தெளிவாகச் சொல்லிவிடுங்கள்.

நெல்வயல் எழுதியது:

கிடைத்துவிட்டது. தங்கையிடம் ஆல்பத்தைப் பற்றி வாய் திறக்காமல், அந்த நாட்களில் படம் எடுக்க எந்த விசையை அழுத்துவாள் என்று மட்டும் கேட்டேன். எஃப்12ஐ அவள் பயன்படுத்தியது தனியாக ஆடிய தொடக்க நாட்களில் மட்டும்தானாம். பிறகு மூன்று விசைகளைச் சேர்த்து அழுத்தும் பழக்கம் வந்துவிட்டதாம். பழைய வன்தட்டில் வீடியோஸ் கோப்புறைக்குள் கேப்சர்ஸில் 31 படங்கள் இருந்தன. ஜெல்லிமீன் படம் அவற்றில் பத்தொன்பதாவது. பாதித் திரையில் அவள் பாத்திரமும் மறுபாதியில் என் பாத்திரமும் நிற்க, வலது மூலையில் கோடை 28 என்று தெளிவாகத் தெரிகிறது. அதை ஓரம் விட்டுத்தான் அச்சிடப் போகிறேன்.